ராஜிக்கு எது பிடிக்காது

1

சென்ற வியாழக்கிழமை மத்தியானம் நான் வெங்காயம் உரித்துக்கொண்டு நிற்க, ஹொல்ம்லியாவிலிருந்து ஒரு பெண் பிள்ளை தொலைபேசி எடுத்தாள்.

"அங்கிள், அப்பா செத்துப்போட்டார். எட்டுக்குச் சாப்பாடு வேணும். ஐயர் உங்களைக் கேக்கச் சொன்னவர்."

ஒஸ்லோவில் பிறந்த நம் பிள்ளைகளுக்கு 'மோசம் போனார்', 'காலமானார்' என்று சுற்றிவளைக்கத் தெரியாது. செத்தால் செத்ததுதான். எனக்கு அது ஒரு விதத்தில் பிடிக்கும்.

"ஓம் பிள்ளை. அப்பாவுக்கு என்ன விருப்பம்?"

பிள்ளை தொலைபேசியைப் பொத்திக்கொண்டு யாரையோ கேட்டாள். பிறகு, "அப்பாக்கு எல்லாம் விருப்பம் அங்கிள்."

இந்தத் தொழிலுக்கு வந்த நாளிலிருந்து பார்க்கிறேன், எங்கள் சனத்தில் செத்தவர்கள் எல்லோருக்கும் எல்லாமே விருப்பம். உயிரோடு இருந்தபோது சொதியில் தேசிக்காய்ப் புளி கூடிவிட்டது என்று கோப்பையைத் தள்ளியவர்கள்தான். செத்த பிறகு இவ்வளவு நல்லவர்களாகி விடுகிறார்கள்.

ஊரில் இருந்து இதை வாசிப்பவர்களுக்கு என் தொழிலைச் சொல்லிவிடுகிறேன். நான் ஒஸ்லோவில் சமையல்காரன். பிறந்தநாள், சாமத்தியச் சடங்கு, கல்யாணம் எல்லாவற்றுக்கும் செய்வேன். ஆட்டிறைச்சி ரோல்ஸ் சுட்டே பெயர் எடுத்தவன் என்பதால் 'ரோல்ஸ் நேசன்' என்று கேட்டால் சின்னப் பிள்ளையும் வழி காட்டும். ட்வெய்ட்டாவில் கடைகளுக்குப் பின்னால் ஒரு நிலக்கீழ்ச் சமையலறையை வாடகைக்கு எடுத்திருக்கிறேன். ஜன்னல் இல்லை. வெளியே பனி கொட்டுகிறதா, வெயில் எறிக்கிறதா என்பது கறி எடுக்க வருபவரின் சப்பாத்தைப் பார்த்துத்தான் எனக்குத் தெரியும். ஆனால் இப்போது எனக்குக் கிடைக்கும் வேலையில் பாதிக்கு மேல் எட்டுச் செலவும் திவசமும்தான். எண்பதுகளில் இளந்தாரிகளாக வந்து இறங்கிய எங்கள் கூட்டத்துக்கு வயது வந்துவிட்டது.

எட்டாம் நாள் செத்தவருக்கு விருப்பமானதைச் சமைத்துப் படைக்க வேண்டும். ஊரில் இதற்குக் கேள்வியே இல்லை. இவருக்கு என்ன விருப்பம் என்பது வேலிக்கு அந்தப் பக்கம் இருப்பவருக்கும் தெரியும். இங்கே வேலியும் இல்லை, அந்தப் பக்கமும் இல்லை. ஆகவே நான் செத்த வீட்டுக்குப் போவேன். போய்ப் பேசாமல் இருப்பேன். தேத்தண்ணி தந்தால் குடிப்பேன். 'என்ன விருப்பம்' என்று மறுபடி கேட்க மாட்டேன். கடைக்குப் போனால் உங்களுக்குத் தெரியாமல் எதை வாங்குவார், சட்டிக்குள் கைவிட்டு எதை எடுத்து ஏச்சு வாங்குவார் என்று ஒவ்வொன்றாகக் கேட்பேன். ஹொல்ம்லியாப் பிள்ளையின் வீட்டுக்கும் அப்படித்தான் போனேன். கொஞ்ச நேரம் யோசித்துவிட்டு அவள் சொன்னாள், அப்பா காருக்குள் மோர் மிளகாய்ப் பொரியல் ஒரு போத்தலில் ஒளித்து வைத்திருந்தார், பிரஷர் என்று அம்மா வீட்டில் விடுவதில்லை, என்னைப் பள்ளியில் ஏற்ற வரும்போது காரெல்லாம் அந்த மணம், எனக்கு வெட்கமாக இருக்கும் என்று. சொல்லிவிட்டு அழுதாள். நான் மோர் மிளகாய் என்று மனதில் குறித்துக்கொண்டேன்.

மரண வீட்டில் நான் பகிடி விடுவதில்லை. அது தொழில். மற்ற இடங்களில் என் வாய் மூடாது. கல்யாண வீட்டில் மாப்பிள்ளையை விட்டுவிட்டு என்னைச் சுற்றித்தான் சனம் நிற்கும். தலையில் மயிர் இல்லாத சமையல்காரன் சாப்பாட்டுக்குப் பாதுகாப்பு என்று என்னை நானே விற்பவன் நான்.

வருகிற கிழமை என் மனைவி ராஜியின் ஆண்டுத் திவசம். சமையல் நான்தான். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

2

ராஜி எல்லிங்ஸ்ருட்டில் எங்கள் வீட்டுக்குப் பக்கத்திலேயே உள்ள பாலர் பள்ளி ஒன்றில் வேலை செய்தவள். அவள் தூக்கி வைத்திருந்த பிள்ளைகள் சிலர் பிறகு வளர்ந்து, தாடியோடு டீ-பான் என்ற நிலக்கீழ் ரயிலில் ஏறி, 'ஹை ராஜி' என்று கத்துவார்கள். நொர்வீஜிய மொழி அவளுக்கு இரண்டு, மூன்று வயதுப் பிள்ளைகள் படிப்பித்தது. ஆகவே பிழை இல்லாமல் வந்தது. எனக்கு அந்த மொழியைப் படிப்பித்தது கோப்பை கழுவும் இயந்திரம். இன்றைக்கும் நான் வாயைத் திறந்தால் ஆவி பறக்கும்.

அவளுக்கு வயிற்றில் வந்தது. வெட்டி எடுக்கும் கட்டம் தாண்டிவிட்டது என்று வைத்தியர் சொன்னார். சொல்லும்போது கதிரையை எங்கள் பக்கம் இழுத்துப் போட்டுக்கொண்டுதான் சொன்னார். இந்த நாட்டில் வைத்தியர் கதிரையை இழுத்தால் நல்ல செய்தி இல்லை.

வீட்டுக்கு வந்த பிறகு எங்கள் பகுதி அலுவலகத்திலிருந்து ஒரு தாதி வந்தாள். முதலில் தேவைப்படும் பொருட்களுக்கு விண்ணப்பம், பிறகு விண்ணப்பம் கிடைத்ததற்குக் கடிதம், பிறகு கடிதம் கிடைத்ததா என்று குறுஞ்செய்தி. கட்டிலை உயர்த்தித் தந்தார்கள், குளியலறையில் பிடி பூட்டினார்கள். குறை சொல்ல ஒன்றும் இல்லை. எல்லாம் முடிந்து தாதி ராஜிக்கு முன்னால் இருந்து கேட்டாள்.

"இப்போது உங்களுக்கு எது முக்கியம்?"

இங்கே இது ஒரு கேள்வி. நோயாளி எல்லோரிடமும் கேட்பார்கள். எங்களுடைய ஆட்களுக்குத்தான் பதில் வருவதில்லை. நான் உடனே சொன்னேன்.

"நல்ல சாப்பாடு. அதற்கு ஒஸ்லோவிலேயே சிறந்த ஆள் இந்த வீட்டுக்குள் இருக்கிறார். வாடகையும் தருவதில்லை."

தாதி சிரித்தாள். சிரித்துவிட்டுக் கதிரையை ராஜியின் பக்கம் இன்னும் கொஞ்சம் திருப்பினாள்.

"நான் இவரைக் கேட்கிறேன்."

ராஜி என்னைப் பார்த்தாள். பிறகு தாதியைப் பார்த்து, "அவர் சொன்னதுதான்" என்றாள்.

தாதி போகும்போது வாசலில் என்னிடம் சொன்னாள், அவருக்கு எது விருப்பமோ அதைக் கொடுங்கள், கொஞ்சம் கொஞ்சமாக, வற்புறுத்த வேண்டாம் என்று. இனிச் சத்து, புரதம் என்று பார்க்க வேண்டாம், ஆசையைப் பாருங்கள் என்றும் சொன்னாள். நான் தலையை ஆட்டினேன். கதவைச் சாத்திவிட்டுக் குசினிக்குள் போய் நின்றேன். கையில் அகப்பையும் இருக்கிறது, அடுப்பும் இருக்கிறது. என்ன சமைப்பது என்று தெரியவில்லை. எத்தனை வீடுகளில் போயிருந்து இதைக் கேட்டிருக்கிறேன். இந்த வீட்டில் கேட்கவேண்டிய ஆள் இன்னும் உயிரோடு இருக்கிறாள், கேட்டுவிடலாம் என்று நினைத்தேன்.

"ராஜி, உமக்கு என்ன சாப்பிட விருப்பம்?"

"எதெண்டாலும் சரி."

"எதெண்டாலும் எண்டொரு கறி இல்லையப்பா."

"உங்களுக்கு லேசானதைச் செய்யுங்கோ."

3

அடுத்த நாளிலிருந்து தொடங்கினேன். இடியப்பத்தை நூல் போலப் பிழிந்து பால் சொதி வைத்தேன். இரண்டு வாய். ஆட்டெலும்பை அரை நாள் அவித்து சூப் வைத்தேன். மூன்று கரண்டி. பனங்கிழங்கு ஒடியல் மாவுக்கு ஆள் அனுப்பிக் கூழ் காய்ச்சினேன். அந்த மணத்துக்கு மேல்மாடிப் பாகிஸ்தான்காரர் இறங்கி வந்து, "நேசன், எல்லாம் நலமா?" என்று கேட்டுவிட்டுப் போனார். ராஜி ஒரு சிரட்டை அளவு குடித்தாள்.

"எப்பிடி?"

"நல்லாயிருக்கு."

யாழ்ப்பாணத்து 'நல்லாயிருக்கு' பல வகைப்படும். இன்னும் போடுங்கோ என்று ஒன்று, இனிப் போதும் என்று ஒன்று, நீங்கள் மனம் நோகக்கூடாது என்று ஒன்று. வாடிக்கையாளர் சொன்னால் மூக்கு நுனியைப் பார்த்தே எது என்று பிடித்துவிடுவேன். ராஜி சொன்னபோது முதலாவது என்றே எடுத்துக்கொண்டேன். கோப்பையில் மிச்சம் கிடந்ததை நானே சாப்பிட்டேன். அந்தக் காலத்தில் வீட்டில் ஒருவர் மெலிய மற்றவர் கொழுத்தார்.

வேலையையும் நான் விடவில்லை. வீட்டில் இருந்தால் எனக்குக் கை நடுங்கும். காலையில் அவளுக்கு மருந்து கொடுத்து, தலையணையை உயர்த்தி வைத்து, தண்ணீரையும் தொலைபேசியையும் கைக்கு எட்ட வைத்துவிட்டு டீ-பான் ஏறி ட்வெய்ட்டாவுக்குப் போய்விடுவேன். மத்தியானம் அழைப்பேன்.

"என்ன செய்யிறீர்?"

"சும்மா படுத்திருக்கிறன்."

"ஏதும் வேணுமே? நான் வரட்டே?"

"ஒண்டும் வேண்டாம். நீங்கள் வேலையைப் பாருங்கோ."

"இஞ்சை ஒரு பகிடி கேளுமன்..." என்று தொடங்குவேன். கறி எடுக்க வந்த ஆளைப் பற்றியோ, ஐயரின் புதுக் காரைப் பற்றியோ ஏதாவது. அவள் சிரிப்பாள். சிரிப்புச் சத்தம் கேட்டால் எனக்குப் போதும். வைத்துவிட்டு வெங்காயத்துக்குப் போவேன்.

எங்கள் மகள் கீதா துரொண்ட்ஹைமில் இருக்கிறாள். அங்கே படிக்கப் போனவள் அங்கேயே வேலையும் எடுத்து, அங்கேயே ஒரு பூனையும் எடுத்துக்கொண்டாள். இரண்டு கிழமைக்கு ஒரு தரம் விமானத்தில் வந்துபோனாள். மற்ற நாட்களில் திரையில் முகம் காட்டுவாள். அவளிடம் கேட்டேன்.

"பிள்ளை, அம்மாவுக்கு என்ன சாப்பாடு விருப்பம் எண்டு உனக்குத் தெரியுமே?"

"ஏனப்பா என்னைக் கேக்கிறியள்? அம்மா அடுத்த அறையிலைதானே இருக்கிறா."

"கேட்டன். எதெண்டாலும் சரியாம்."

கீதா ஏதோ சொல்ல வந்தாள், பிறகு பூனை எதையோ தட்டிவிட்டது என்று எழும்பிப் போய்விட்டாள். பூனையில் எனக்குச் சந்தேகம் வரவில்லை. பூனைகள் தட்டத்தான் செய்யும்.

4

ஒரு சனிக்கிழமை உன்னி வந்தாள். ராஜியோடு பாலர் பள்ளியில் தொடக்கத்திலிருந்து வேலை செய்த நொர்வீஜியப் பெண். உயரம், வெள்ளைத் தலை, மழையோ வெயிலோ ஒரே சிவப்பு மேலங்கி. கையில் பூ இல்லை. ஒரு பையில் பாலும் ஒரு பைக்கற் குறுணல் அரிசியும் கொண்டு வந்தாள். செத்துக்கொண்டிருப்பவரைப் பார்க்க வாய்க்கரிசியோடு வருகிறாளே என்று எனக்குத் திக்கென்றது.

"நேசன், உன் அடுப்பைக் கொஞ்சம் தருவாயா?"

என் அடுப்பை நான் யாருக்கும் கொடுத்ததில்லை. ராஜிக்கே தேத்தண்ணிக்கு மட்டும்தான் அனுமதி என்று வீட்டுக்கு வருபவர்களிடம் பெருமையாகச் சொல்பவன். ஆனாலும் விருந்தாளி கேட்டால் என்ன செய்வது. ஒதுங்கி நின்றேன். உன்னி அரிசியைப் பாலில் போட்டு, அடுப்பைக் குறைத்து வைத்துக் கிண்டத் தொடங்கினாள். கிண்டினாள், கிண்டினாள், அப்படிக் கிண்டினாள். தாளிப்பு இல்லை, வெங்காயம் இல்லை, ஒரு கறிவேப்பிலை கூட இல்லை. கடைசியில் கோப்பையில் ஊற்றி, நடுவில் ஒரு துண்டு பட்டர் வைத்து, சீனியும் கறுவாத்தூளும் தூவினாள். இதற்குப் பெயர் றீஸ்குறோட். நொர்வேக்காரர் சனிக்கிழமை மத்தியானத்தில் சாப்பிடும் பால் கஞ்சி.

முன்னறையில் ராஜி கட்டிலை உயர்த்தி வைத்துக்கொண்டு உன்னியோடு நொர்வீஜியத்தில் கதைத்தாள். நான் குசினி வாசலில் நின்று பார்த்தேன். பாலர் பள்ளியில் யாரோ ஒரு பிள்ளையின் தகப்பன் பிழையான பிள்ளையைத் தூக்கிக்கொண்டு போன கதை. ராஜிதான் சொன்னாள். கையை ஆட்டி, அந்தத் தகப்பனைப் போல முகத்தை வைத்து நடித்துக் காட்டினாள். உன்னி கண்ணைத் துடைத்துத் துடைத்துச் சிரித்தாள். என் மனைவிக்குக் கதை சொல்ல வரும் என்பதை அன்றைக்குத்தான் பார்த்தேன். எங்கள் வீட்டில் அந்த உத்தியோகம் காலியாக இருந்ததில்லை.

கதை சொல்லிக்கொண்டே அவள் சாப்பிட்டாள். யாரும் சாப்பிடச் சொல்லாமல், கரண்டியை ஓரத்திலிருந்து ஓட்டி, பட்டர் உருகி ஓடும் பக்கமாக எடுத்து எடுத்துச் சாப்பிட்டாள்.

நான் பேசாமல் நின்றிருக்க வேண்டும். மரண வீட்டில் எனக்கு அது வரும். ஆனால் இது என் வீடு, முன்னால் இரண்டு பேர் சிரித்துக்கொண்டிருக்கிறார்கள், சிரிப்புக்குக் காரணம் நான் இல்லை. என்னால் தாங்க முடியவில்லை.

"அந்த அரிசி உனக்கு என்ன பாவம் செய்தது உன்னி? பாலுக்குள் அமுக்கி, சீனி போட்டு மூடி, மேலே மண்ணும் தூவியிருக்கிறாய். பல்லு முளைக்காத பிள்ளையும் இதைத் துப்பிவிடும்."

உன்னி மரியாதைக்குச் சிரித்தாள். ராஜி அவளைவிடப் பெரிதாகச் சிரித்தாள். நானும் சிரித்தேன். நல்ல பகிடிதான் என்று நினைத்தேன்.

உன்னி போன பிறகு கோப்பை கழுவப் போனேன். பாதிக் கஞ்சி அப்படியே இருந்தது. பட்டர் பாதி வழியில் உறைந்து நின்றது. கரண்டி குப்புறக் கிடந்தது. எந்த இடத்தில் நான் வாயைத் திறந்தேன் என்பது அந்தக் கோப்பையில் தெரிந்தது.

அன்று பின்னேரம் கீதாவை அழைத்துச் சொன்னேன். இந்த முறை பூனை ஒன்றையும் தட்டவில்லை.

"அப்பா, உங்களுக்கு உண்மையிலேயே தெரியாதே? சனிக்கிழமை நீங்கள் ஓடருக்குப் போனாப்பிறகு நானும் அம்மாவும் அதுதானே சாப்பிடுறனாங்கள். நான் சின்னனிலை இருந்து."

"ஒரு நாளும் எனக்குச் சொல்லேல்லையே."

"சொன்னால் நீங்கள் பகிடி பண்ணுவியள். நீங்கள் வரமுதல் அம்மா சட்டியைக் கழுவி வைச்சிட்டு ஜன்னலைத் திறந்து விடுவா. மைனஸ் பதினைஞ்சிலையும் திறப்பா. கறுவா மணம் போகட்டும் எண்டு."

"அவ்வளவு பயமே என்னிலை?"

"பயமில்லையப்பா. அப்பா வேலையாலை களைச்சு வருவார், தான் வைச்சிட்டுப் போன கறியை நாங்கள் தொடேல்லை எண்டு தெரிஞ்சால் முகம் வாடிப்போகும் எண்டு சொல்லுவா. கறியையும் கொஞ்சம் எடுத்துக் கொட்டிப்போட்டுத்தான் வைக்கிறவ."

மகள் அழுகிறாளா, கோபமாக இருக்கிறாளா என்று எனக்குப் பிடிபடவில்லை. அவள் கோபப்படும்போது நொர்வீஜியத்துக்கு மாறிவிடுவாள். அன்று கடைசிவரை தமிழிலேயே கதைத்தாள்.

அடுத்த நாள் நானே கஞ்சி வைத்தேன். முதல் முறை பால் அடிப்பிடித்தது. ரோல்ஸ் நேசன் கஞ்சியைத் தீய்த்தார் என்று வெளியே தெரிந்திருந்தால் தொழில் போயிருக்கும். உன்னியிடம் தொலைபேசியில் கேட்டுக் கேட்டு, மூன்றாம் முறை சரியாக வந்தது. கொண்டுபோய் ராஜியின் முன்னால் வைத்தேன். அவள் கோப்பையைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். கீதா சொல்லியிருக்கிறாள் என்று விளங்கியிருக்கும். கரண்டியை எடுத்தாள்.

அவள் போன பிறகு அவளுடைய எட்டுக்கும் அதையே வைத்தேன். வாழையிலையில் பால் கஞ்சி நிற்காமல் ஓடியது, கிண்ணத்தில்தான் வைக்க வேண்டியிருந்தது. மீன், இறைச்சி என்ற மச்சக் கறிகளுக்கு நடுவே அதைப் பார்த்துவிட்டுச் சொந்தக்காரர் ஒருவர் என் காதுக்குள் வந்து, "மனுசிக்குக் கஞ்சியே வைக்கிறீர், நேசன்? ஊருக்கெல்லாம் ரோல்ஸ், வீட்டுக்காரிக்குக் கஞ்சியே?" என்றார். ஓம் அண்ணை என்று சொல்லிவிட்டு அடுத்த இலைக்குப் போனேன்.

5

அந்தக் கஞ்சி ராஜிக்குச் சில கிழமை ஓடியது. பிறகு அதுவும் நாலு கரண்டி, இரண்டு கரண்டி என்று குறைந்தது.

மாசி மாதம். எங்கள் வீட்டு ஜன்னலுக்கு எதிரே உள்ள மாடிகளில் மத்தியானத்தில் கொஞ்ச நேரம் வெயில் படும். எங்கள் பக்கம் வராது. எதிர்வீட்டுக்காரரின் வெயிலை ராஜி பார்த்துக்கொண்டு படுத்திருப்பாள். ஒரு ஞாயிற்றுக்கிழமை, ஓடர் இல்லாத நாள், நான் பக்கத்தில் கதிரை போட்டு இருந்தேன். எத்தனையோ வீடுகளில் செய்யும் வேலையை இந்த வீட்டில் ஏன் இன்னும் செய்யவில்லை என்று திடீரென்று தோன்றியது. விருப்பம் என்ன என்று கேட்டால் எங்கள் பெண்கள் வாயைத் திறக்க மாட்டார்கள். கேள்வியைத் திருப்பிப் போட்டேன்.

"ராஜி, உமக்கு எது பிடிக்காது?"

"ஏன் திடீரெண்டு?"

"சும்மா சொல்லுமன். நான் குறையெடுக்க மாட்டன்."

கொஞ்சம் யோசித்தாள். வாய் ஓரத்தில் ஒரு குறும்பு தெரிந்தது. அது அவளிடம் இருந்ததை நான் மறந்து எவ்வளவு காலம்.

"உங்கட ரோல்ஸ்."

"என்ன?"

"மிளகு கூட. எண்ணெயும் கூட. கலியாணம் கட்டின நாள் தொடக்கம் பிடிக்கேல்லை."

நான் கதிரையில் இருந்து விழுவது போல நடித்தேன். பாதி நடிப்புத்தான். "பிறகென்ன?" என்றேன்.

"உங்கட அந்தக் கட்டம் போட்ட சேட்டு. அண்டைக்கு ஒரு நாள் அதிலை எண்ணெய் தானாக் கொட்டுண்டது இல்லை, நான்தான் வேணுமெண்டு ஊத்தினனான். பிறகு, பின்னேரங்களிலை வீடியோ பாத்துச் சத்தமாச் சிரிக்கிறது. பிறகு, சனத்துக்கு முன்னாலை 'என்ரை மனுசிக்குத் தேத்தண்ணிக்கு மட்டும்தான் அனுமதி' எண்டு சொல்லுறது."

"அது பகிடியெல்லே."

"ஓம். பகிடிதான்."

ஒவ்வொன்றுக்கும் நான் ஏதாவது திருப்பிச் சொன்னேன். சேட்டுக்கு எட்டுச் செலவு செய்வோம் என்றேன். சிரித்தாள். ரோல்ஸைப் பற்றி வாடிக்கையாளர் யாருக்கும் வாய் திறக்காதேயும் என்றேன். அதற்கும் சிரித்தாள். எனக்கு உற்சாகம் ஏறிக்கொண்டு போனது. அடுத்ததை எடுக்க வாயைத் திறந்தபோது அவள் கையை உயர்த்தினாள். பாலர் பள்ளியில் பிள்ளைகளை அமர்த்தும்போது அப்படித்தான் செய்வாளாக்கும்.

"இஞ்சருங்கோ. இன்னும் ஒண்டு இருக்கு. இதுக்கு ஒண்டும் திருப்பிச் சொல்லக்கூடாது."

"சொல்லும்."

"உங்கட பகிடி. எப்பவும் இல்லை. இப்ப." மூச்சு எடுத்து ஆறினாள். "நான் ஒரு கதை சொல்லவெண்டு நினைச்சுக்கொண்டு கிடப்பன். நீங்கள் வந்து சிரிக்கப் பண்ணிப்போடுவியள். சிரிச்ச வாயாலை அதை எப்பிடிச் சொல்லுறது?"

"எதை?"

"எனக்குப் பயமாயிருக்கு."

என் நாக்கு நுனியில் ஒன்று வந்து நின்றது. அது என்ன என்று இப்போது நினைவில்லை. நின்றது மட்டும் நினைவிருக்கிறது. அதை விழுங்கினேன். செத்த வீட்டுப் பிள்ளைகளிடம் கேட்பது போல, சின்னதாகக் கேட்டேன்.

"என்ன பயம்? எது எண்டு சொல்லும்."

"சாகிறது இல்லை. அது பரவாயில்லை. மூச்செடுக்க ஏலாமல் வரும் எண்டு டொக்டர் சொன்னவரெல்லே. அது நீங்கள் ட்வெய்ட்டாவிலை நிக்கேக்க வந்திடுமோ எண்டு. வீட்டிலை ஒருத்தரும் இல்லாமல். தொலைபேசி கையிலை கிடக்கும், எடுக்க ஏலாமல் போயிடுமோ எண்டு." ஜன்னலைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "காலமை நீங்கள் கதவைச் சாத்துற சத்தம் கேட்டால் நெஞ்சு அடிக்கத் தொடங்கிடும். நீங்கள் திரும்பி வந்து கதவிலை திறப்பைப் போட்டால்தான் நிக்கும்."

"ஒவ்வொரு நாளும் மத்தியானம் கேட்டன்தானே, வரட்டோ எண்டு. ஒண்டும் வேண்டாம் எண்டுதானே சொன்னீர்?"

"பிறகு என்ன சொல்லுறது? வேலையை விட்டுட்டு வாங்கோ எண்டே? உங்களுக்கு இஞ்சை இருக்க ஏலாமல் இருக்கு எண்டு எனக்குத் தெரியாதே?"

அவளுக்கு அதுவும் தெரிந்திருந்தது. நான் வெங்காயத்துக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டிருந்ததை அவள் கட்டிலில் படுத்தபடியே பார்த்துக்கொண்டிருந்திருக்கிறாள். கறியைக் கொட்டி, ஜன்னலைத் திறந்து, பகிடிக்குச் சிரித்து, ஒன்றும் வேண்டாம் என்று சொல்லி, என் முகம் வாடாமல் பார்த்துக்கொண்டாள். நான் யாரோ வீட்டில், யாரோ செத்தவர் வீட்டுக்குத் தெரியாமல் எதை வாங்கித் தின்றார் என்று கண்டுபிடித்துக்கொண்டு திரிந்தேன்.

"எனக்கும் பயம்தான் ராஜி" என்றேன்.

அவள் தலையைத் திருப்பினாள். "அப்பாடா" என்றாள். "நான் மட்டும்தானாக்கும் எண்டு நினைச்சன்."

6

திங்கட்கிழமை காலை ட்வெய்ட்டாவுக்குப் போகவில்லை. வியாழக்கிழமைக்கு ஒரு எட்டு ஓடர் இருந்தது. அதை எனக்குப் போட்டியாக வேலை செய்யும் ஒருவரிடம் கொடுத்தேன். செத்தவருக்குக் கருவாட்டுக் குழம்பு விருப்பம், கத்தரிக்காய் போட்டால் பிடிக்காது என்று அவருக்குச் சொன்னேன். "உமக்கு எப்பிடித் தெரியும்?" என்று அதிசயித்தார். சமையலறைச் சாவியையும் கொடுத்துவிட்டேன்.

அதற்குப் பிறகு வீட்டில்தான். என்ன செய்தோம் என்று கேட்டால் சொல்லத் தெரியாது. கால் பிடித்துவிட்டேன். அவள் கதை சொன்னாள், நான் கேட்டேன். பாலர் பள்ளிப் பிள்ளைகள், ஊரில் அவள் படித்த பள்ளிக்கூடம், என்னைக் கட்டமுதல் பார்க்க வந்த ஒரு வங்கி மாப்பிள்ளை. அவன் நல்ல வடிவாம். கை நடுங்கத்தான் செய்தது. அதை அவள் காலில் வைத்துக்கொண்டேன். கீதா விடுப்பு எடுத்து வந்து எங்களோடு நின்றாள். அவள் கஞ்சி கிண்டும்போது ஜன்னல் சாத்தியே இருந்தது.

பங்குனியில் ஒரு காலைநேரம் ராஜிக்கு மூச்சு இழுக்கத் தொடங்கியது. கீதா தாதியை அழைத்தாள். வந்துகொண்டிருப்பதாகச் சொன்னார்கள். நான் கட்டிலில் ஏறி அவளை என் நெஞ்சில் சாய்த்துப் பிடித்துக்கொண்டேன். அவள் கண் திறந்து, நான்தானா என்று பார்த்தாள்.

"நிக்கிறன்" என்றேன். "இஞ்சைதான் நிக்கிறன்."

கொஞ்சம் ஆறிய பிறகு உதடு அசைந்தது. காதைக் கிட்டக் கொண்டுபோனேன்.

"இப்ப ஒரு பகிடி சொல்லுங்கோவன்."

ஒஸ்லோவில் கல்யாண வீடு கல்யாண வீடாக ஆட்களைச் சிரிக்க வைத்தவன் நான். ஐயரின் கார், மேல்மாடிப் பாகிஸ்தான்காரர், என் மொட்டை, என் மொழி என்று எல்லாவற்றையும் தேடினேன். அவள் காத்துக்கொண்டிருந்தாள். வாயைத் திறந்தேன். ஒன்றும் வரவில்லை.

"பரவாயில்லை," என்றாள். "சும்மா இருங்கோ."

இருந்தேன்.